சொல்லுக்கு ஊர் கேளுங்கள்: அரிய ஆங்கிலச் சொற்களின் பொருளும் உச்சரிப்பும் பழக ஒரு முழு வழிகாட்டி

கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படித்தபோது ஒரு கருத்தரங்க மேடையில் "எபிடோம்" என்று அழுத்தம் திருத்தமாகச் சொன்னேன். முன்வரிசையில் இருந்த பேராசிரியர் சிரிக்கவில்லை, சிரித்திருந்தால்கூடப் பரவாயில்லை. மேடையை விட்டு இறங்கியதும் காதோரமாக, "அது எ-பி-ட-மி, தம்பி" என்றார். ஒன்றன் சாரம் முழுவதும் ஓர் ஆளிடமோ பொருளிடமோ திரண்டு நிற்பதைச் சொல்லும் சொல் அது. அதற்கு முன் புத்தகங்களில் பல தடவை பார்த்திருக்கிறேன். காதால் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை.

நம்மில் நிறையப் பேர் ஆங்கிலத்தைக் கண்ணால் கற்றவர்கள். அதனால் பொருள் தெரிந்த சொல்லைச் சொல்லத் தெரியாது, சொல்லத் தெரிந்த சொல்லுக்குப் பொருள் தெரியாது. 2017 மே மாதம் திருவனந்தபுரம் எம்.பி. சசி தரூர் ட்விட்டரில் "ஃபராகோ" என்று ஒரு சொல்லை எழுதினார். நாடே அகராதியைப் புரட்டியது. பொருளைக் கண்டுபிடித்தவர்களில் பாதிப்பேருக்கு அதை எப்படிச் சொல்வது என்று அடுத்த குழப்பம்.

தினம் பத்துச் சொல் மனப்பாடம் செய்யச் சொல்லும் பட்டியல்களை நானும் முயன்று பார்த்திருக்கிறேன். ஒரு வாரம் தாங்காது. எனக்குப் பயன்பட்டது வேறு வழி. நம் பக்கத்தில் புது ஆளைப் பார்த்தால் முதலில் என்ன கேட்போம்? "எந்த ஊர் நீங்க?" ஊர் தெரிந்துவிட்டால் பேச்சுவழக்கும் பழக்கவழக்கமும் பாதி தெரிந்த மாதிரி. ஆங்கிலச் சொல்லிடமும் அதையேதான் கேட்க வேண்டும். ஆங்கிலத்தில் புழங்கும் சொற்களில் பெரும்பகுதி வெளியூரிலிருந்து வந்தவை. கிரேக்கத்திலிருந்து வந்த சொல் இன்னும் ஓரளவு கிரேக்க வாடையோடுதான் பேசும்; பிரெஞ்சிலிருந்து வந்தது கடைசி எழுத்தை விழுங்கிக்கொண்டுதான் பேசும். ஊர் தெரிந்தால் பொருளும் உச்சரிப்பும் ஒரே கயிற்றில் கட்டியது போலச் சேர்ந்து வரும்.

தொடங்குமுன் ஓர் ஒப்பந்தம்

தமிழ் எழுத்தில் ஆங்கில உச்சரிப்பை எழுதும்போது சில சிக்கல்கள் உண்டு. பஸ்ஸின் முதல் எழுத்தும் "பி", பேனாவுக்கான ஆங்கிலச் சொல்லின் முதல் எழுத்தும் "பி". தேவைப்படும் இடத்தில் பஸ்-பி, பேனா-பி என்று பிரித்துச் சொல்கிறேன். அதேபோல டாக்டர்-டி, டீக்கடை-டி.

அசைகளை இடையே கோடு போட்டுப் பிரிக்கிறேன். எந்த அசையை அழுத்த வேண்டும் என்பதைத் தனியே சொல்கிறேன். நீங்கள் நோட்டில் எழுதும்போது அழுத்தம் விழும் அசைக்கு மேலே ஒரு கோடு போடுங்கள். "சங்கு" என்பதில் வருவது போன்ற மெல்லொலிக் ககரம் வந்தால் கீழே ஒரு புள்ளி வையுங்கள். ஃபராகோவின் "கோ" அப்படிப்பட்டது. அப்புறம் "வி", "டபிள்யூ" என்ற இரண்டு ஆங்கில எழுத்துகளுக்கும் நம்மிடம் ஒரே வகரம்தான். மேற்பல் கீழுதட்டைத் தொட்டால் முதலாவது. உதட்டைக் குவித்து "உ" என்று தொடங்கி வகரத்துக்குப் போனால் இரண்டாவது. கண்ணாடி முன் நின்று நாலு தடவை செய்து பார்த்தால் பிடிபட்டுவிடும்.

முதல் படி: எந்த ஊர்?

ஊரைக் கண்டுபிடிக்கச் சிறந்த சோதனைச்சாவடி சி, ஹெச் என்ற இரண்டு எழுத்துகள் சேர்ந்து வரும் இடம். பழைய ஆங்கிலச் சொல் என்றால் அங்கே சகரம்: சீஸ், சைல்ட். கிரேக்கம் என்றால் ககரம்: கே-யாஸ் (பெருங்குழப்பம்), கே-ஸம் (ஆழமான பிளவு), ஆர்-கைவ் (ஆவணக் காப்பகம்). கடைசிச் சொல்லை "ஆர்ச்சிவ்" என்று சொல்பவர்கள் ஆவணக் காப்பகத்துக்குள்ளேயே இருக்கிறார்கள். பிரெஞ்சு என்றால் ஷகரம்: ஷெஃப், மெஷின், ஷோ-ஃபர் (சம்பளத்துக்குக் கார் ஓட்டுபவர்).

மூன்றில் எது என்று எப்படித் தெரியும்? அக்கம்பக்கத்து எழுத்துகளைப் பாருங்கள். பேனா-பியும் ஹெச்சும் சேர்ந்து ஃபகரமாக ஒலிப்பது, சொல்லின் நடுவில் உயிரெழுத்தாக ஒய் வருவது, பேனா-பியோடு எஸ் சேர்ந்து சொல் தொடங்குவது எல்லாம் கிரேக்க அடையாளம். ஓ, யூ என்ற இரண்டெழுத்து "ஊ" என்று ஒலிப்பது, முடிவில் இ, டீக்கடை-டி வந்து "ஏ" என்று ஒலிப்பது பிரெஞ்சு வாடை.

கிரேக்கச் சொற்கள் பலவற்றில் கடைசியில் வரும் இ ஊமை இல்லை. என்னை மேடையில் கவிழ்த்தது அந்த விதிதான். எ-பி-ட-மி, அழுத்தம் "பி"யில். இதே குடும்பத்தில் இன்னொன்று ஹை-பர்-ப-லி, அழுத்தம் "பர்"மேல். உயர்வு நவிற்சி என்று நம் அணியிலக்கணம் சொல்வது. அதை "ஹைப்பர்போல்" என்று சொல்பவர்கள் அபாஸ்ட்ரஃபியையும் கெட்டாஸ்ட்ரஃபியையும் சரியாகத்தான் சொல்கிறார்கள். நான்கும் ஒரே ஊர், ஒரே முடிவு.

பிரெஞ்சு விஷயத்தில் நமக்கு ஏற்கெனவே பயிற்சி உண்டு. பஸ் டெப்போ என்றுதான் ஊரில் எல்லோரும் சொல்கிறோம். எழுத்தில் கடைசியில் ஒரு டீக்கடை-டி இருக்கிறது. யாரும் "டெப்பாட்" என்று சொல்வதில்லை. இந்த விதியை நீட்டினால் போதும்: டெப்-ரீ (இடிபாடு, சிதைந்த குப்பை), ர-போர் (இருவருக்கிடையே உள்ள இணக்கம்), கூ (ஆட்சிக் கவிழ்ப்பு), ரான்-டே-வூ (குறித்த இடத்தில் சந்திப்பு). என்.சி.சி.யில் இருந்தவர்களுக்கு அதன் மூன்றாவது சொல் தெரிந்திருக்கும். அது "கோர்". எழுத்தில் பேனா-பியும் எஸ்ஸும் சும்மா நிற்கின்றன. வேடிக்கை என்னவென்றால் பன்மையையும் அதே எழுத்துகளில்தான் எழுத வேண்டும், ஆனால் அப்போது "கோர்ஸ்" என்று எஸ்ஸைச் சொல்ல வேண்டும்.

சில சொற்கள் ஊர் மாறிக் குடியுரிமையே வாங்கிவிட்டன. ஸ்பானிய நாவலின் நாயகன் பெயர் டான் கி-ஹோ-டே. அவரைப்போல, நடக்கவே முடியாத இலட்சியத்துக்காக வாளெடுக்கும் குணத்தைச் சொல்லும் உரிச்சொல்லோ க்விக்-ஸா-டிக், அழுத்தம் "ஸா"வில். பெயருக்கு ஸ்பானிய மூக்கு, அதிலிருந்து பிறந்ததற்கு ஆங்கில மூக்கு. இப்படிப்பட்டவற்றை அகராதியில் கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

இரண்டு ஊர்க்காரர்: கர்னலின் கதை

இந்தப் படிக்கு என்னுடைய செல்ல உதாரணம் கர்னல். ஆங்கிலத்தில் அதை சி, ஓ, எல், ஓ, என், இ, எல் என்று எழுதுகிறார்கள். அதில் ரகரம் எங்கே இருக்கிறது? எங்கும் இல்லை. தமிழில் எழுதுகிற நாம்தான் ஒலியை உள்ளபடி எழுதுகிறோம்.

இத்தாலியில் படைவரிசைக்குத் தூண் என்ற பொருளில் "கொலோன்னா" என்று பெயர். அந்த வரிசையை நடத்துபவர் "கொலொன்னெல்லோ". பிரெஞ்சுக்காரர்கள் இதை வாங்கியபோது பக்கத்துப் பக்கத்தில் வந்த லகரங்கள் நாக்கில் தடுக்கின. முதல் லகரத்தை ரகரமாக்கி "கொரொனெல்" என்றார்கள். மதுரை சிலர் வாயில் மருதை ஆகிறதே, அந்த மாதிரி வாய் தன் வசதிக்குச் செய்துகொண்ட மாற்றம். 16-ஆம் நூற்றாண்டில் ஆங்கிலம் இந்த ரகர வடிவத்தை வாங்கிக்கொண்டது. பிறகு படித்தவர்கள் இத்தாலிய மூலத்தைப் பார்த்து எழுத்தை லகரத்துக்குத் திருத்திவிட்டார்கள். சிப்பாய்களின் வாயை யார் திருத்துவது? எழுத்து இத்தாலிக்குப் போய்விட்டது, ஒலி பிரான்ஸிலேயே தங்கிவிட்டது. விதைக்குள் இருக்கும் பருப்பைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லும் இதுவும் காதுக்கு ஒன்றுதான்.

அவருக்குக் கீழே இருக்கும் லெஃப்டினன்ட்டும் பிரெஞ்சுக்காரர்தான். "இடம்" என்ற சொல்லும் "பிடித்திருப்பவர்" என்ற சொல்லும் சேர்ந்தது. மேலதிகாரி இல்லாதபோது அவர் இடத்தில் நிற்பவர். வாடகைக்கு இருப்பவரை டெனன்ட் என்கிறோமே, பின்பாதி அதே சொல்தான். பிரிட்டிஷ் வழக்கு லெஃப்-டெ-னன்ட், நம் ராணுவமும் அப்படித்தான் சொல்கிறது. அமெரிக்கர்கள் லூ-டெ-னன்ட் என்கிறார்கள்.

இரண்டாம் படி: ஊமை எழுத்துகளை விசாரிப்பது

ஆங்கிலத்தில் ஒலிக்காத எழுத்துகள் இரண்டு சாதி. முதலாவது, ஒரு காலத்தில் உண்மையிலேயே ஒலித்தவை. நைட் என்ற வீரன், நைஃப் என்ற கத்தி ஆகியவற்றின் முன்னால் நிற்கும் கே அப்படிப்பட்டது. 17-ஆம் நூற்றாண்டு வரை அதைச் சொன்னார்கள். வில்லியம் காக்ஸ்டன் 1476-ல் வெஸ்ட்மின்ஸ்டரில் அச்சகம் வைத்த பிறகு எழுத்து மெல்ல மெல்ல உறைய ஆரம்பித்தது. ஒலியோ தொடர்ந்து ஓடிக்கொண்டே இருந்தது. நெடில் உயிர்கள் ஏறக்குறைய எல்லாமே அந்த நூற்றாண்டுகளில் இடம் மாறின. இன்றைக்கு நாம் படிப்பது பல சமயம் 500 வருடம் முந்தைய உச்சரிப்பின் புகைப்படம்.

ஓ, யூ, ஜி, ஹெச் என்று முடியும் சொற்கள் படுத்தும் பாடும் இதனால்தான். தோ, த்ரூ, காஃப், ரஃப், பௌ என்று ஐந்து சொல்லில் ஐந்து ஒலி. அங்கே இருந்தது தொண்டையிலிருந்து வரும் ஒரு கரகரப்பொலி. அது சில சொற்களில் மறைந்தது, சிலவற்றில் ஃபகரம் ஆனது. இதற்கு விதி தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம். ஒவ்வொன்றையும் ஒரு வாக்கியத்தில் வைத்துக் காதால் பழகுங்கள், தீர்ந்தது.

இரண்டாவது சாதி எனக்குப் பிடித்தது: ஒருநாளும் ஒலிக்காதவை. லத்தீன் மோகம் கொண்ட படிப்பாளிகள் பிற்காலத்தில் செருகியவை. கடனைக் குறிக்கும் டெட் பிரெஞ்சிலிருந்து வந்தபோது அதில் பஸ்-பி இல்லை. லத்தீன் மூலத்தில் இருந்ததே என்று ஒரு பியைச் சொருகினார்கள். சந்தேகத்தைக் குறிக்கும் டவுட்டுக்கும் அதே கதி. ரசீதுக்கான ரி-சீட்டில் பேனா-பி வந்ததும் அப்படியே. அதன் உடன்பிறப்புகளான டி-சீட் (வஞ்சகம்), கன்-சீட் (தற்பெருமை) இரண்டும் பி இல்லாமலே தப்பிவிட்டன. தீவைக் குறிக்கும் ஐ-லண்ட் இன்னும் மோசம். அது சுத்தமான பழைய ஆங்கிலச் சொல், லத்தீனோடு எந்த உறவும் இல்லை. தீவையே குறிக்கும், லத்தீன் வழி வந்த ஐல் என்ற வேறொரு சொல்லோடு குழப்பிக்கொண்டு எஸ்ஸைப் போட்டுவிட்டார்கள். ஸ்காட்லாந்தின் மலைக்கோழி டார்-மி-கன் கேலிக் மொழிப் பறவை. கிரேக்கப் பறவை என்று நினைத்து முன்னால் ஒரு பேனா-பியை ஒட்டினார்கள்.

இந்த வரிசையில் நம்மவர்கள் அதிகம் தடுக்கி விழுவது இரண்டில். குற்றம் சாட்டுவதைச் சொல்வது இன்-டைட்; நடுவில் இருக்கும் சி சும்மா. உணவுப் பொருட்களைக் குறிக்கும் பழைய சொல் விட்-டில்ஸ்; எழுத்தைப் பார்த்தால் "விக்சுவல்ஸ்" மாதிரி இருக்கும். குழாய் வேலைக்காரரை நாம் பிளம்பர் என்கிறோம், ஆங்கிலத்தில் ப்ள-மர். லத்தீனில் ஈயத்துக்கு "ப்ளும்பும்" என்று பெயர். பழைய குழாய்கள் ஈயத்தால் ஆனவை. எழுத்தில் இருக்கும் பி அந்த ஈயத்தின் மிச்சம். அதற்காகத் தெருவில் போய், "ப்ளமரைக் கூப்பிடுங்க" என்று சொல்லாதீர்கள். தமிழில் அது பிளம்பர்தான்.

மூன்றாம் படி: அழுத்தம்

எல்லாப் படிகளிலும் இதுதான் முக்கியம், இதைத்தான் நாம் அதிகம் தவிர்க்கிறோம். தமிழில் அசைகள் ஏறக்குறைய சம உரிமையோடு நடக்கும். ஆங்கிலத்தில் ஓர் அசை ராஜா, மற்றவை சேவகர்கள். ராஜா நீளமாக, உரக்க, தெளிவாக ஒலிப்பார். சேவகர்களின் உயிரொலி மங்கி, ஒரு பொதுவான மழுங்கல் ஒலியாகிவிடும். ஆங்கிலத்தில் மிக அதிகமாக வரும் உயிரொலி அந்த மழுங்கல்தான். மொழியியலில் அதற்கு "ஷ்வா" என்று பெயர்.

நம்மிடம் இது இல்லை என்று சொல்லிவிடுவார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. "பசு" என்று சொல்லிப் பாருங்கள். கடைசியில் உதடு குவியும். இப்போது "காடு" என்று சொல்லுங்கள். உதடு குவியாமல் உகரம் பாதியில் கரைந்துவிடும். தொல்காப்பியம் அரை மாத்திரை கொடுத்த குற்றியலுகரம் இது. ஷ்வாவும் அப்படிக் குறுகி மங்கிய உயிர்தான். ஒலி அப்படியே ஒன்றல்ல. ஆனால் வாயைத் தளர்த்தும் அந்தப் பழக்கம் நமக்கு ஏற்கெனவே கைவந்தது. நாம் "கம்-ஃபர்-டே-பிள்" என்று நான்கு அசையையும் சமமாக மிதிக்கிறோம். அவர்கள் கம்ஃப்-ட-பிள் என்று மூன்றில் முடித்துவிடுகிறார்கள். "வெ-ஜி-டே-பிள்" அவர்களுக்கு வெஜ்-ட-பிள்.

அழுத்தம் இடம் மாறினால் சொல்லே அடையாளம் தெரியாமல் போகும். புகைப்படம் ஃபோ-ட-க்ராஃப், அழுத்தம் முதல் அசையில். அதை எடுப்பவர் ஃப-டாக்-ர-ஃபர், அழுத்தம் இரண்டாவதில். அது சார்ந்த உரிச்சொல் ஃபோ-ட-க்ரா-ஃபிக், அழுத்தம் மூன்றாவதில். ராஜா நகர நகரச் சேவகர்களின் ஒலியும் மாறுவதைக் கவனியுங்கள்.

நல்ல வேளையாக நீளமான அரிய சொற்களுக்கு ஒரு விதி பெரும்பாலும் கைகொடுக்கும். "ஷன்", "இக்", "இட்டி" என்று முடிந்தால் அதற்கு முந்தைய அசையில் அழுத்தம். செ-ரன்-டிப்-இ-டி என்ற சொல்லில் "டிப்"மேல் அழுத்தம். தேடாமலே நல்லது ஒன்று கையில் கிடைக்கும் பேறு என்று பொருள். இலங்கைக்குப் பாரசீகர்களும் அரேபியர்களும் வைத்திருந்த பழைய பெயர் செரெண்டிப். அந்த நாட்டு இளவரசர்கள் மூவரைப் பற்றிய கதையை வைத்து ஆங்கில எழுத்தாளர் ஹொரேஸ் வால்போல் 1754-ல் ஒரு கடிதத்தில் உருவாக்கிய சொல் இது. விதிவிலக்குகளும் உண்டு: பாலிடிக்ஸ், லூனடிக் இரண்டிலும் அழுத்தம் முதலிலேயே விழும்.

கண்ணால் மட்டும் படித்தவர்களுக்கு இன்னும் இரண்டு பொறிகள். கோணலாகிப்போனது என்ற பொருளில் வரும் அ-ரை, அழுத்தம் "ரை"யில். இதை "ஆரி" என்று வாசிப்பவர்கள் பலர். தவறாக வழிநடத்தப்பட்ட என்று பொருள்படும் மிஸ்-லெட் என்பதை "மைசில்ட்" என்று மனதுக்குள் வாசித்து வளர்ந்தவர்கள், ஆங்கிலம் தாய்மொழியானவர்களிலேயே உண்டு. அதனால் ரொம்பக் கூச்சப்பட வேண்டாம்.

நான்காம் படி: அகராதியைக் காதால் படிப்பது

ஆக்ஸ்ஃபோர்டு, கேம்பிரிட்ஜ், மெரியம்-வெப்ஸ்டர் மூன்றுமே இணையத்தில் ஒலியோடு கிடைக்கின்றன. பெரும்பாலோர் ஒலிபெருக்கிப் படத்தை ஒரு தடவை அழுத்திக் கேட்டுவிட்டு நகர்ந்துவிடுவார்கள். அப்படிச் செய்யாதீர்கள். முதலில் சொல்லை நீங்களாகச் சத்தமாகச் சொல்லுங்கள். பிறகு கேளுங்கள். எங்கே வித்தியாசம் என்று உங்கள் காதே காட்டிக்கொடுக்கும். கேட்டுவிட்டுச் சொன்னால் கிளிப்பிள்ளை மாதிரி அந்த நிமிடம் மட்டும் சரியாக வரும்.

சொல்லுக்குப் பக்கத்தில் இருக்கும் ஒலிக்குறிகளுக்குப் பயப்பட வேண்டாம். மூன்றே மூன்று தெரிந்தால் முக்கால்வாசி முடிந்தது. தலைகீழாகத் திருப்பிய சிறிய இ என்றால் ஷ்வா. உயிரெழுத்துக்குப் பின் இரண்டு புள்ளிகள் என்றால் நெடில். மேலே சின்னக் கோடு என்றால் அதற்கு அடுத்த அசையில் அழுத்தம். சில அமெரிக்க அகராதிகளில் மட்டும் அந்தக் கோடு அழுத்தம் பெறும் அசைக்குப் பின்னால் வரும். முன்னுரைப் பக்கத்தை ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.

பிரிட்டிஷா அமெரிக்கமா? எதையாவது ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். ஷெ-ட்யூல், ஸ்கெ-ட்யூல் இரண்டும் சரிதான். ஒரே பேச்சில் இரண்டையும் கலந்தால்தான் கேட்பவர் திகைப்பார்.

அதே பக்கத்தில் கீழே "தோற்றம்" என்று ஒரு பகுதி இருக்கும். அதுதான் சொல்லின் ஊர். நான் இப்போதெல்லாம் பொருளுக்கு முன்பே அதைத்தான் படிக்கிறேன்.

ஐந்தாம் படி: பொருளைப் பிரித்துப் பார்ப்பது

ஃபராகோவுக்கு வருவோம். ஃப-ரா-கோ, அழுத்தம் "ரா"வில். லத்தீனில் மாடுகளுக்குப் போடும் பல தானியக் கலவைத் தீவனம். அதிலிருந்து, கண்டதையும் கலந்த குழப்பக் குவியல் என்ற பொருள் வந்தது. பொய்களின் ஃபராகோ, திரிபுகளின் ஃபராகோ என்று எப்போதும் ஏதாவது ஒரு கூட்டத்தோடுதான் வரும். சொல்லை அதன் கூட்டாளிகளோடு சேர்த்து எழுதி வையுங்கள். தனியாக எழுதினால் தப்பான இடத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும்.

டீ-ஃபெ-னி-ஸ்ட்ரே-ஷன். லத்தீனில் ஜன்னலுக்கு "ஃபெனஸ்ட்ரா". முன்னொட்டு "கீழே, வெளியே". ஆக, ஆளை ஜன்னல் வழியாக வெளியே தூக்கிப் போடுவது. இதற்கெல்லாமா ஒரு சொல் என்று கேட்கத் தோன்றும். 1618-ல் பிராகு நகரக் கோட்டையில் அரசப் பிரதிநிதிகள் இருவரையும் அவர்களின் செயலாளரையும் அப்படித்தான் போட்டார்கள். மூவரும் பிழைத்துக்கொண்டார்கள், ஆனால் அதைத் தொட்டு வந்த போர் 30 ஆண்டு நடந்தது. நம்முடைய ஜன்னலும் வெளியூர்தான், போர்ச்சுகீசியர் கொண்டுவந்தது.

பெட்-ரி-கோர், அழுத்தம் முதலில். சி, ஹெச் வரும் கிரேக்கச் சொல், அதனால் ககரம். "பெட்ரா" பாறை, "இகோர்" கிரேக்கக் கடவுளரின் நாளங்களில் ஓடும் திரவம். 1964-ல் ஆஸ்திரேலிய விஞ்ஞானிகள் இசபெல் ஜாய் பேர், ரிச்சர்ட் தாமஸ் இருவரும் வைத்த பெயர். வறண்ட நிலத்தில் முதல் மழை விழும்போது எழுகிறதே, அந்த மண்வாசனைதான். ஆங்கிலத்துக்கு 1964 வரை இதற்கென்று ஒரு பெயர் இல்லாமல் இருந்தது என்பது எனக்கு இன்னும் ஆச்சரியம்.

பிறகு, போட்டிகளில் கேட்டு மிரட்டும் அந்த 29 எழுத்து அரக்கன். ஃப்ளாக்-சி-நா-சி-நி-ஹி-லி-பி-லி-ஃபி-கே-ஷன். பன்னிரண்டு அசை, முடிவு "ஷன்" என்பதால் முக்கிய அழுத்தம் "கே"யில். ஒன்றை மதிப்பே இல்லாதது என்று தள்ளுவது என்று பொருள். "அற்பம்" என்று பொருள்படும் நாலு லத்தீன் சொற்களை வரிசையாகக் கட்டிய கேலிச் சொல்: கம்பளித் துணுக்கு, சல்லி, சூனியம், மயிர். கடைசி ஒன்றைப் பார்த்தீர்களா? மதிப்பில்லாததற்கு மயிரைச் சொல்லும் வழக்கம் ரோமாபுரியிலும் இருந்திருக்கிறது. இதைப் பழக ஒரு உபாயம்: பின்னாலிருந்து தொடங்குங்கள். முதலில் "கே-ஷன்", பிறகு "ஃபி-கே-ஷன்", பிறகு "பி-லி-ஃபி-கே-ஷன்" என்று முன்னால் ஒவ்வொரு துண்டாகச் சேர்த்துக்கொண்டே வாருங்கள். எத்தனை நீளச் சொல்லானாலும் இந்த முறை பலிக்கும்.

பிரித்துப் பார்க்காமல் ஒலியை வைத்து ஊகித்தால் என்ன ஆகும் என்பதற்கும் உதாரணங்கள் இருக்கின்றன. எ-ன-வேட் என்பதைக் கேட்டால் எனர்ஜி நினைவுக்கு வரும். பொருள் நேர்மாறு, சக்தியை உறிஞ்சிச் சோர்வடையச் செய்வது. நாய்-சம் என்றால் இரைச்சல் இல்லை, குமட்டும் நாற்றம். பல்-க்ரி-ட்யூட் காதுக்கு ஏதோ தோல்வியாதி மாதிரி ஒலிக்கிறது, பொருள் பேரழகு. இதில் சி, ஹெச் ககரமாக ஒலித்தாலும் ஊர் கிரேக்கம் இல்லை, லத்தீன். சோதனைச்சாவடியும் சில சமயம் ஏமாறும். பெட்ரோல் டேங்கர் லாரிகளின் முதுகில் இருக்கும் இன்-ஃப்ளா-ம-பிள் "எரியாதது" இல்லை, சட்டென்று பற்றிக்கொள்வது. முன்னால் இருக்கும் "இன்" மறுப்பு அல்ல, "உள்ளே" என்ற பொருளில் வருவது. இதைத் தப்பாகப் புரிந்துகொண்டால் விளைவு உச்சரிப்புப் பிழையோடு நிற்காது.

ஊர்ப்பெயர்கள், சுருக்கமாக

ஊர்ப்பெயருக்கு விதி கிடையாது, உள்ளூர்க்காரர் சொல்வதே சட்டம். தேம்ஸ் என்று நாம் எழுதும் நதி அங்கே டெம்ஸ். க்ரெ-னிச், லெஸ்-டர், க்ளாஸ்-டர், வூஸ்-டர் என்று இங்கிலாந்து முழுவதும் நடு எழுத்துகளை விழுங்கிய ஊர்கள். இதை நம்பி சை-ரன்-செஸ்-டர் என்ற ஊருக்குப் போனால் அங்கே எல்லாவற்றையும் சொல்கிறார்கள். அமெரிக்காவில் ஆர்-கன்-ஸா மாநிலத்தின் பெயரைக் கடைசி எஸ் இல்லாமல் சொல்ல வேண்டும் என்று 1881-ல் அதன் சட்டமன்றமே தீர்மானம் போட்டது. நம் தூத்துக்குடியை டூட்டிகோரின் ஆக்கியவர்களின் ஊர்களை நாம் சரியாகச் சொல்லப் பழகுகிறோம், இருக்கட்டும்.

நம் வீட்டுப் பிள்ளைகள்

ஊர் கேட்டுக்கொண்டே போனால் சில சொற்கள், "உங்க ஊர்தான்" என்று பதில் சொல்லும். கே-ட-ம-ரான் நம் கட்டுமரம். வில்லியம் டாம்பியர் என்ற கடலோடி சோழமண்டலக் கரையில் பார்த்ததை 1697-ல் எழுதியிருக்கிறார். இன்று அந்தச் சொல் பெரும்பாலும் இரட்டை உடல் கொண்ட படகைக் குறிக்கிறது. கட்டிய மரங்கள் காணாமல் போய்விட்டன. ஷ-ரூட், அழுத்தம் "ரூட்"டில், நம் சுருட்டு. ம-லி-க-டா-னி என்று ஆங்கிலேயர் குடிக்கும் சூப்பு நம் மிளகுத்தண்ணீர். வெ-டி-வர் நம் வெட்டிவேர், பிரெஞ்சு வழியாக வாசனைத் திரவியக் கடைக்குப் போனது. க-ரன்-டம் என்று கனிமவியலில் படிப்பது குருந்தக்கல். மாணிக்கமும் நீலமும் அதன் வகைகள்.

இங்கே ஒரு எச்சரிக்கை. ஆங்கிலத்தில் பேசும்போது இவற்றை ஆங்கிலமாகவே சொல்லுங்கள். லண்டன் உணவகத்தில் "மிளகுத்தண்ணி" என்று கேட்டால் பரிமாறுபவர் விழிப்பார்.

ஒரு சொல்லை முழுதாக நடத்திப் பார்ப்போம்

எஸ், ஒய், என், இ, சி, டாக்டர்-டி, ஓ, சி, ஹெச், இ. இதுவரை பார்த்திராத சொல் என்று வைத்துக்கொள்வோம். கண்ணால் வாசித்தால் "சைனக்டோச்" என்று வரும்.

எந்த ஊர்? உயிரெழுத்தாக ஒய் வருகிறது, சி, ஹெச் வருகிறது. கிரேக்கம் என்று சந்தேகிக்கலாம். அப்படியானால் சி, ஹெச் ககரம். கடைசி இ ஊமை இல்லை, "இ" என்று ஒலிக்கும். ஆக, முடிவு "கி". அழுத்தம்? எபிடமி, ஹைப்பர்பலி இரண்டிலும் இரண்டாம் அசையில் இருந்தது. இங்கும் அப்படியே ஊகிப்போம். சி-நெக்-ட-கி. சத்தமாகச் சொல்லிவிட்டு அகராதியைத் திறந்து ஒலியை அழுத்துங்கள். ஊகம் சரி.

இனிப் பொருள். தோற்றப் பகுதியில் "சேர்த்துப் புரிந்துகொள்வது" என்று இருக்கும். ஒரு பொருளின் பகுதியைச் சொல்லி முழுமையையோ, முழுமையைச் சொல்லிப் பகுதியையோ உணர்த்துவது. நோட்டில் இதை எழுதிக்கொண்டிருந்தபோது எனக்கு எட்டாம் வகுப்புத் தமிழ் ஐயா நினைவுக்கு வந்தார். "தலைக்கு ஒரு பழம் கொடு என்றால் தலையா சாப்பிடும்?" என்று கேட்டுவிட்டு, கரும்பலகையில் "சினையாகுபெயர்" என்று எழுதுவார்.